கேம் சி.டி கையில இருக்கு... கோடு எங்கே? பழைய சி.பி.யூ-வைக் காயலான் கடைக்குப் போடும் முன் இதைப் படிங்க!

ஆவடி பக்கம் முத்தாபுதுப்பேட்டையில் விமானப்படை நிலையம் இருக்கு. அங்கே குடியிருக்கும் விமானப்படைக் குடும்பங்களுக்கு டிரான்ஸ்ஃபர் என்பது புது விஷயமே இல்லை. ஆர்டர் வந்ததும் ட்ரங்க் பெட்டிகள் வெளியே வரும், இடத்தை அடைக்கிற சாமான்கள் எல்லாம் வீட்டை விட்டு வெளியே போகும். அப்படிப் போகிறவற்றில் ஒன்று, கேம் சி.டி-யின் பிளாஸ்டிக் டப்பா. டிஸ்க்கை மட்டும் எடுத்து, சினிமா சி.டி-க்களோடு ஜிப் பவுச்சில் சொருகிடுவாங்க. டப்பாவும் உள்ளே இருந்த குட்டிப் புத்தகமும் குப்பைக்குப் போயிடும். டிரான்ஸ்ஃபரே இல்லாத வீடுகளில் இதே வேலையை போகிப் பண்டிகை பார்த்துக்கும்.

பத்துப் பதினைந்து வருஷம் கழித்து, அண்ணனோ மாமாவோ ஆடிய அந்த டிஸ்க் உங்க கைக்குக் கிடைக்குது. லேப்டாப்பில் போட்டா, இன்ஸ்டால் ஆகும்போது ஒரு சின்னப் பெட்டி வந்து கோடு கேட்கும். அந்தக் கோடு டப்பாவில் ஒட்டியிருந்த ஸ்டிக்கரில் இருந்தது. இல்லைன்னா அந்தப் புத்தகத்தின் பின் அட்டையில். டிஸ்க் மேலே ஒண்ணுமே இருக்காது.

இப்படித் தேடப்படுற கேம்களில் நம்ம ஊருக்குன்னு ஒரு ஸ்பெஷல் ஆள் உண்டு. ஈ.ஏ ஸ்போர்ட்ஸின் கிரிக்கெட் 07. கனடாவின் ஹெச்.பி ஸ்டூடியோஸ் உருவாக்கி, 2006 நவம்பரில் வெளியான கேம். அப்போ ஐ.பி.எல்-லே பிறக்கலை. இந்திய அணிக்கு லைசென்ஸ் வாங்காததால் நம்ம வீரர்கள் எல்லாம் ஏதோ கற்பனைப் பெயர்களில் ஆடுவாங்க. அதையும் பசங்க எடிட் பண்ணி சரிபண்ணினாங்க. ரசிகர்கள் இன்றைக்கும் அதுக்குப் புது ஜெர்சி, புது டீம் எல்லாம் செய்துக்கிட்டிருக்காங்க. அதற்குப் பிறகு ஈ.ஏ கிரிக்கெட் கேம் வெளியிடுவதையே நிறுத்திடுச்சு. ஸ்டீம், ஜி.ஓ.ஜி மாதிரி ஆன்லைன் கடைகளில் இது விற்பனைக்கு வரவே இல்லை. முறைப்படி ஆடணும்னா பழைய டிஸ்க்கும் அதன் கோடும்தான் வழி. 'போனா போகுது, 200 ரூபாய் கொடுத்து இன்னொண்ணு வாங்கிக்கலாம்' என்கிற கதை இங்கே செல்லாது.

நல்ல செய்தி என்னன்னா, பல வீடுகளில் கோடு தொலையவே இல்லை. பரண் மேல் தூசு படிஞ்சு கிடக்கிற பழைய சி.பி.யூ-வுக்குள் அது பத்திரமா உட்கார்ந்திருக்கு.

கோடு அங்கே எப்படிப் போச்சு?

அந்தக் காலத்து கேம்கள் கோடைச் சரிபார்க்க இன்டர்நெட்டைத் தேடாது. வீட்டில் நெட் இருக்கும் என்பதற்கே உத்தரவாதம் இல்லாத காலம் அது. நீங்க அடிக்கிற எழுத்துகளையும் எண்களையும் இன்ஸ்டாலர் ஒரு கணக்கில் போட்டுப் பார்க்கும். விடை சரியா வந்தா கதவு திறக்கும். ஈ.ஏ-வின் அந்தக் காலத்து கோடுகள் பெரும்பாலும் நாலு நாலா, ஐந்து தொகுதிகளா, மொத்தம் 20 எழுத்துகள்.

கணக்கு சரியானதும் அந்தக் கோடை விண்டோஸின் ரெஜிஸ்ட்ரியில் எழுதி வெச்சிடும். ரெஜிஸ்ட்ரி என்பது விண்டோஸின் கணக்குப் பேரேடு மாதிரி. எந்த சாஃப்ட்வேர் எங்கே இருக்கு, என்ன செட்டிங், என்ன லைசென்ஸ் என எல்லாம் அதில் இருக்கும். கம்ப்யூட்டரை ஃபார்மேட் பண்ணாத வரை, ஒருமுறை எழுதினது பெரும்பாலும் அப்படியே கிடக்கும். கேமை அன்-இன்ஸ்டால் பண்ணியிருந்தாலும்கூட சில சமயம் மிச்சம் மீதி இருக்கும்.

பழைய கம்ப்யூட்டர் ஆன் ஆகுதா?

அப்படின்னா அஞ்சு நிமிஷ வேலைதான். கீபோர்டில் விண்டோஸ் பட்டனையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்துங்க. வரும் பெட்டியில் ரெஜெடிட் (ஆர், இ, ஜி, இ, டி, ஐ, டி) என்று ஆங்கிலத்தில் அடித்து என்டர் தட்டுங்க. இடது பக்கம் ஃபோல்டர்கள் மாதிரி ஒரு வரிசை வரும். அதில் 'ஹெச்கீ லோக்கல் மெஷின்' என்பதைத் திறந்து, அதற்குள் 'சாஃப்ட்வேர்', அதற்குள் 'எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ்', அதற்குள் கேமின் பெயர் என்று போய்க்கிட்டே இருங்க. கடைசியா ஈ-ஆர்-ஜி-சி என்ற நாலெழுத்துப் பெயரில் ஒரு ஃபோல்டர் இருக்கும். அதைத் தொட்டா வலது பக்கம் 'டிஃபால்ட்' என்ற வரிக்கு நேரா உங்க கோடு கண்ணடிக்கும். நீட் ஃபார் ஸ்பீடு மோஸ்ட் வான்டட், ஃபிஃபா என அந்தக் காலத்து ஈ.ஏ கேம்கள் பலவற்றுக்கும் இதே வழிதான். அதனால ஒண்ணைத் தேடப்போய் நாலு கிடைக்கவும் வாய்ப்பிருக்கு.

விண்டோஸ் 64 பிட்டா இருந்தா ஒரு சின்ன திருப்பம். 'சாஃப்ட்வேர்' என்பதற்குள் 'டபிள்யூ-ஓ-டபிள்யூ 6432 நோட்' என்று விநோதப் பெயரில் ஒரு ஃபோல்டர் இருக்கும். பழைய கேம்கள் எல்லாம் அதற்குள்தான் குடித்தனம். மத்த கம்பெனி கேம்களுக்கு இடமும் பெயரும் மாறும். மேலே 'எடிட்' மெனுவில் 'ஃபைண்ட்' இருக்கு, கேமின் பெயரை அடிச்சுத் தேடுங்க. சில கேம்கள் கோடைப் பூட்டி வேறு வடிவில் எழுதியிருக்கும். அதைப் பார்த்தவுடனே படிக்க முடியாது.

ஒண்ணே ஒண்ணு, ரெஜிஸ்ட்ரியில் எதையும் அழிக்காதீங்க, மாத்தாதீங்க. பாருங்க, போனில் போட்டோ எடுங்க, மூடிட்டு வெளியே வாங்க.

கம்ப்யூட்டர் செத்துப்போச்சு. இப்போ?

கம்ப்யூட்டர் செத்தா ஹார்டு டிஸ்க்கும் செத்ததுன்னு அர்த்தமில்லை. பெரும்பாலும் போயிருப்பது பவர் சப்ளை, இல்லைன்னா மதர்போர்டு. நாலு ஸ்க்ரூ கழற்றி ஹார்டு டிஸ்க்கை மட்டும் வெளியே எடுங்க. பின்பக்கம் எல் வடிவில் குறுகலான முனைகள் இருந்தா அது சாட்டா. வரிசையா 40 பின்கள் நீட்டிக்கிட்டு, அகலமான பட்டை வயர் மாட்டியிருந்தா அது ஐ.டி.இ, அதைவிடப் பழசு. இரண்டுக்குமே யூ.எஸ்.பி-யில் சொருகுகிற மாற்றுக் கேபிள்கள் இருக்கு. டெஸ்க்டாப் டிஸ்க்குக்குத் தனி பவர் அடாப்டரும் வேணும், யூ.எஸ்.பி கரன்ட் மட்டும் போதாது. சென்னையில் இதுக்கெல்லாம் தாய்வீடு ரிச்சி ஸ்ட்ரீட். அவ்வளவு தூரம் போகவேண்டாம் என்றால், பக்கத்தில் கம்ப்யூட்டர் சர்வீஸ் கடைகளில் கேட்டுப் பாருங்க. கடையில் கொடுக்கும்போது 'டேட்டா எடுக்கணும், ஃபார்மேட் பண்ணிடாதீங்க அண்ணே' என்று ரெண்டு தடவை சொல்லிட்டு வாங்க. பழக்கதோஷத்தில் ஃபார்மேட் பண்ணிட்டா மொத்தமும் போச்சு.

டிஸ்க் உங்க லேப்டாப்பில் தெரிய ஆரம்பிச்சதும், அதில் 'விண்டோஸ்' ஃபோல்டர், அதற்குள் 'சிஸ்டம் 32', அதற்குள் 'கான்ஃபிக்' என்று போங்க. 'சாஃப்ட்வேர்' என்ற பெயரில், வால் எதுவும் இல்லாத ஒரு ஃபைல் இருக்கும். பழைய கம்ப்யூட்டரின் ரெஜிஸ்ட்ரியில் நமக்கு வேண்டிய பகுதி அதுதான். அதை உங்க டெஸ்க்டாப்பில் காப்பி பண்ணிக்கோங்க. பிறகு உங்க லேப்டாப்பிலேயே ரெஜெடிட்டைத் திறந்து, 'ஹெச்கீ லோக்கல் மெஷின்' மேல் க்ளிக் பண்ணிட்டு, 'ஃபைல்' மெனுவில் 'லோட் ஹைவ்' கொடுத்து, காப்பி பண்ணின ஃபைலைக் காட்டுங்க. ஒரு பெயர் கேட்கும், ஏதாவது வைங்க. பழைய கம்ப்யூட்டரின் பேரேடு உங்க லேப்டாப்பில் விரியும். அதற்குள் நேரா 'எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ்' தேடலாம். வேலை முடிஞ்சதும் அதே மெனுவில் 'அன்லோட் ஹைவ்' கொடுக்க மறக்காதீங்க.

டிஸ்க் 'டிக் டிக்'னு சத்தம் போட்டா உடனே கழற்றிடுங்க. அதை மீட்கத் தனி லேப் இருக்கு, செலவும் பெருசு. ஒரு கேம் கோடுக்காக அந்தச் செலவு தேவையான்னு வீட்டில் பேசி முடிவு பண்ணுங்க.

பர்மா பஜார் சி.டி-யா?

இதையும் பேசிடுவோம். அந்தக் காலத்தில் நம்ம வீடுகளுக்கு வந்த கேம் சி.டி-களில் கணிசமானவை பர்மா பஜார் வகையறா. டிஸ்க் மேல் மார்க்கரில் எழுதின பெயர், உள்ளே ஒரு நோட்பேட் ஃபைலில் கோடு. ஆயிரக்கணக்கான டிஸ்க்குகளுக்கு அதே ஒரே கோடுதான். அதில் 'உங்க கோடு' என்று ஒண்ணு இருந்ததே இல்லை, எனவே மீட்க எதுவும் இல்லை. கம்பெனிக்கு மெயில் போட்டும் பிரயோஜனமில்லை. ஒரிஜினல் வாங்கினவங்க போடலாம். டிஸ்க், டப்பா, பில் ஆகியவற்றின் போட்டோவைக் கேட்பாங்க. பில் இல்லைன்னா பெருசா நம்பிக்கை வைக்காதீங்க.

கவுன்ட்டர்-ஸ்ட்ரைக் பிரியர்களுக்கு மட்டும் ஒரு லாட்டரி. பழைய ஹாஃப்-லைஃப், கவுன்ட்டர்-ஸ்ட்ரைக் டப்பாக்களில் இருக்கும் ஒரிஜினல் கோடை ஸ்டீமில் ஏத்திக்க வால்வ் வழிவிட்டது. ஏற்கெனவே வேறு யாரும் அதைப் பயன்படுத்தியிருக்கக் கூடாது. ஸ்டார் கிராஃப்ட் தேடுறவங்களுக்கு அந்தக் கவலையும் இல்லை. பிளிஸார்டு 2017-லேயே அதை இலவசமாக்கிடுச்சு.

கோடு இருந்தும் திறக்காத கதவுகள்

2007, 2008 வாக்கில் நிறுவனங்கள் கணக்கை மாத்தினாங்க. கோடு சரியா என்பதை உங்க கம்ப்யூட்டர் முடிவு செய்யாது, கம்பெனியின் சர்வர் முடிவு செய்யும். இதுதான் 'ஆக்டிவேஷன்'. 2008-ல் வந்த ஸ்போர் கேமை மூணு தடவைதான் ஆக்டிவேட் பண்ணலாம் என்று ஈ.ஏ சொன்னதும் உலகம் முழுக்க சண்டை வெடிச்சு, பிறகு அதை அஞ்சாக்கினாங்க.

இந்த வகையில் கோடு கிடைச்சாலும், சர்வர் உயிரோடு இருக்கணும். இதில் கம்பெனிகளே மாட்டிக்கிட்ட கதையும் உண்டு. ஜி.டி.ஏ 4 கேம் மைக்ரோசாஃப்ட்டின் 'கேம்ஸ் ஃபார் விண்டோஸ் லைவ்' சேவையை நம்பி இருந்தது. மைக்ரோசாஃப்ட் அதைக் கைவிட்டதால் புதுக் கோடுகளை உருவாக்கவே முடியலை. 2020 ஜனவரியில் ராக்ஸ்டார் அந்த கேமை ஸ்டீமில் விற்பதையே நிறுத்தி வெச்சுது. அந்தச் சேவையைக் கழற்றி எறிஞ்சிட்டு, சில மாதங்களுக்குள் புது வடிவத்தில் திரும்பக் கொண்டு வந்தாங்க. செஞ்ச கம்பெனிக்கே சாவி கிடைக்காதுன்னா பாருங்க!

இன்னொரு பூட்டும் இருக்கு. ஒரிஜினல் டிஸ்க்தானா என்று பார்க்க, பல கேம்கள் சேஃப்டிஸ்க் என்ற பாதுகாப்பைப் பயன்படுத்தின. அதற்கான டிரைவரில் பாதுகாப்பு ஓட்டை இருந்ததால் விண்டோஸ் 10-ல் மைக்ரோசாஃப்ட் அதைச் சேர்க்கவே இல்லை. 2015 செப்டம்பரில் பழைய விண்டோஸ்களிலும் ஓர் அப்டேட் மூலம் முடக்கிட்டாங்க. அதனால கோடு, டிஸ்க் எல்லாம் சரியா இருந்தும் புது லேப்டாப்பில் கேம் திறக்காமல் போகலாம். என் ஓட்டு, பழைய எக்ஸ்.பி கம்ப்யூட்டருக்குத்தான். பவர் சப்ளை மட்டும் மாத்தி, நெட் கனெக்‌ஷன் கொடுக்காமல், கேமுக்கென்று தனியா வெச்சுக்கலாம்.

கீஜென் பக்கம் போகாதீங்க

கோடு கிடைக்காத விரக்தியில் கூகுளைத் தட்டினா 'ஃப்ரீ கீ ஜெனரேட்டர்' என்று வரிசையா நிக்கும். டவுன்லோடு ஆகுறது பாஸ்வேர்டு போட்ட ஒரு ஜிப் ஃபைல். கூடவே 'ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணிட்டுத் திறக்கவும்' என்று ஒரு குறிப்பு. ஜிப்புக்குப் பாஸ்வேர்டு போடுவது, ஆன்டிவைரஸ் உள்ளே எட்டிப் பார்க்கக் கூடாது என்பதற்காகத்தான். தகவல் திருடும் மால்வேர்கள் பரவ இது பழகின பாதை. பிரவுசரில் சேமிச்ச பாஸ்வேர்டுகளையும், லாகின் ஆகியிருக்கும் கணக்குகளின் குக்கீகளையும் அள்ளிக்கிட்டுப் போயிடும். அதே லேப்டாப்பில் அப்பாவின் நெட் பேங்கிங் இருந்தா, 20 எழுத்துக் கோடுக்கு நீங்க கொடுக்கும் விலை என்னன்னு யோசிங்க. ஏற்கெனவே திறந்துட்டீங்களா? நெட்டைத் துண்டிச்சிட்டு, வேற போனிலிருந்து பாஸ்வேர்டுகளை மாத்துங்க, எல்லாக் கணக்குகளிலும் லாக் அவுட் கொடுங்க. பணம் போயிருந்தா தாமதிக்காம 1930-க்கு அடிங்க.

ஒரிஜினல் டிஸ்க் வெச்சிருக்கிறவங்களுக்குச் சட்டம் கொஞ்சம் இடம் கொடுக்குது. இந்தியக் காப்புரிமைச் சட்டத்தின் 52-வது பிரிவு, முறையா வாங்கின கம்ப்யூட்டர் புரோகிராம் அழிஞ்சுபோகாமல் இருக்க பேக்கப் காப்பி எடுத்து வைக்க அனுமதிக்குது. கோடை எழுதி வைப்பதற்கு யாருடைய அனுமதியும் வேண்டாம். எழுதும்போது பூஜ்யத்தையும் ஓ-வையும், எட்டையும் பி-யையும் குழப்பிக்காதீங்க. போட்டோ எடுத்து, கேமின் பெயரை சப்ஜெக்ட்டில் போட்டு உங்களுக்கே ஒரு மெயில் அனுப்பிடுங்க. அடுத்த டிரான்ஸ்ஃபரில் டப்பா போனாலும் மெயில் இருக்கும்.

கோடு கிடைச்ச சந்தோஷத்தில் அந்த ஹார்டு டிஸ்க்கை அப்படியே காயலான் கடைக்காரரிடம் தூக்கிக் கொடுத்துடாதீங்க. வீட்டு போட்டோக்களும் சர்டிஃபிகேட் ஸ்கேன்களும் அதில் இருக்கலாம். டிஸ்க்கை மட்டும் கழற்றி வெச்சுக்கிட்டு மீதியைக் கொடுங்க. அதோட, 'மை டாக்குமென்ட்ஸ்' ஃபோல்டரை ஒருமுறை திறந்து பாருங்க. கேமின் பெயரில் ஒரு ஃபோல்டர் இருக்கலாம். அண்ணன் பாதியில் சேவ் பண்ணிட்டுப்போன டெஸ்ட் மேட்ச் அதற்குள்தான் இருக்கும்.