வெல்டிங் கண்ணாடி: அன்றும் இன்றும்

அன்று வெல்டிங் பட்டறையில் முகத்துக்குக் காவல் என்றால் பெரும்பாலும் கையில் பிடிக்கும் ஷீல்டுதான். கறுப்பு ஃபைபர் தகடு, நடுவே செவ்வகமாக ஒரு கறுப்புக் கண்ணாடி, பின்னால் கைப்பிடி. ஆர்க் என்னும் மின்வில் எரிந்தால் அதன் வழியே இரும்பு உருகி ஓடுவது தெளிவாகத் தெரியும். ஆர்க் இல்லையென்றால் கும்மிருட்டு.

சிக்கல் அங்கேதான் தொடங்கியது. ஜன்னல் கிரில்லுக்கு டேக், அதாவது கம்பியை இடத்தில் நிறுத்தும் சிறு ஒட்டு, அடிக்கும்போது வலக்கையில் வெல்டிங் ராடு மாட்டிய ஹோல்டர் இருக்கும். இடக்கை கம்பியை அசையாமல் பிடித்திருக்கும். ஷீல்டைப் பிடிக்கக் கை ஏது? ராடை இடம் பார்த்து வைத்துவிட்டு, கண்ணை இறுக மூடி, முகத்தைத் திருப்பிக்கொண்டு ஒரு தட்டுத் தட்டுவார்கள். தலையில் மாட்டும் ஷீல்டிலும் ராடு நிற்கும் இடத்தைப் பார்க்க ஒவ்வொரு முறையும் தூக்கி இறக்க வேண்டும். ஒரு கணம் பிந்தினாலும் வெளிச்சம் கண்ணில் பாய்ந்துவிடும்.

வலி உடனே வராது. ஆர்க்கின் புற ஊதாக் கதிர் கருவிழியின் மேல்தோலைச் சுட்டு, 6 முதல் 12 மணி நேரம் கழித்துத்தான் வேலையைக் காட்டும். நடுராத்திரியில் மணலை அள்ளிப் போட்டதுபோல் கண் உறுத்தும், நீர் கொட்டும், விளக்கைப் பார்க்க முடியாது. உருளைக்கிழங்கு வில்லை, தாய்ப்பால் என்று கைவைத்தியம் நடக்கும். பெரும்பாலும் ஓரிரு நாளில் தோல் தானாகவே வளர்ந்து ஆறிவிடுவதால், பெருமை வைத்தியத்துக்குப் போய்ச் சேர்ந்தது. பழியோ தொழிலாளியின் ‘அலட்சிய’த்துக்குப் போனது.

இன்று தானாகக் கருக்கும் ஹெல்மெட் வந்துவிட்டது. சுவீடனில் ஹோர்னெல் உருவாக்கிய ஸ்பீட்கிளாஸ் 1981இல் சந்தைக்கு வந்து இதற்கு வழி திறந்தது. கண்ணாடிக்குள் திரவப் படிக அடுக்கு இருக்கிறது. சும்மா இருக்கையில் 3 அல்லது 4ஆம் எண் ஷேடு, அதாவது கருமை அளவு. ராடும் கம்பியும் நன்றாகத் தெரியும். ஆர்க் பற்றியதும் சென்சார் உணர்ந்து, கண் இமைப்பதற்கு வெகு முன்பே 9 முதல் 13 வரை நாம் வைத்த எண்ணுக்குக் கருக்கிவிடும். சாதாரண ராடு வேலைக்கு 10 அல்லது 11 போதும். கருக்காத நிலையிலும் புற ஊதாக் கதிரையும் அகச்சிவப்புக் கதிரையும் அது தடுத்துக்கொண்டே இருக்கும்.

இரண்டு கையும் வேலைக்குக் கிடைத்ததும் கண்ணை மூடி டேக் அடிக்கும் தேவையே போய்விட்டது. அலட்சியம் என்று திட்டியதெல்லாம் கருவியின் குறைதான் என்பது இப்போது விளங்குகிறது.

ஆனால் மாற்றம் இன்னும் பாதிதான். கம்பியைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நிற்கும் ஹெல்பரின் முகம் பல பட்டறைகளில் காப்பில்லாமலே இருக்கிறது. கூலிங் கிளாஸ் ஆர்க்குக்கு ஆகாது. ஒட்டின் மேல் படியும் கசடான ஸ்லாக்கைத் தட்டும்போதும் கிரைண்டிங்கின்போதும் தெறிக்கும் சில்லுக்குத் தெளிவான வைசர் தனியே வேண்டும். ராடு வாங்கும் கணக்கிலேயே இவற்றையும் முதலாளி சேர்க்க வேண்டும், ஹெல்பருக்கும் சேர்த்து.