காலத்துள் காலம்

பனையோலையால் இழைத்த அடுக்குப்பெட்டியை யாழ்ப்பாணத்து வீடுகளிற் கண்டிருப்பீர்கள். பெரியதைத் திறந்தால் உள்ளே சற்றுச் சிறியது. அதனுள் இன்னுஞ் சிறியது. காலத்தையும் நம் முன்னோர் இவ்வாறே அடுக்கி வைத்தனர். அவ்வடுக்கு நம்மிற் பலருடைய சாதகக் குறிப்பிலே தசாபுத்தி என்னும் பெயரோடு இருக்கின்றது.

மனித ஆயுளை 120 ஆண்டாகக் கொண்டு ஒன்பது கிரகங்களுக்குப் பகிர்வது விம்சோத்தரி முறை. கேதுவுக்கு 7, சுக்கிரனுக்கு 20, சூரியனுக்கு 6, சந்திரனுக்கு 10, செவ்வாய்க்கு 7, இராகுவுக்கு 18, வியாழனுக்கு 16, சனிக்கு 19, புதனுக்கு 17. இப்பங்குகள் தசைகள் எனப்படும். வியப்பு இதற்கு அடுத்த படியிலேதான் உள்ளது. ஒவ்வொரு தசையையும் அதே ஒன்பது கிரகங்களுக்கு, அதே விகிதத்திலே மீண்டும் பிரித்துப் புத்தி என்றனர். புத்தியை அவ்வாறே பிரிக்க அந்தரம் வரும். அதன் கீழே சூக்குமம், பிராணன். முழுச் சுற்றில் 9 தசைகள், 81 புத்திகள், 729 அந்தரங்கள். எந்தத் துண்டை எடுத்து நோக்கினும் முழுமையின் உருவம் அதிலே சிறிதாய்த் தோன்றும்.

சூரியனை எடுத்துக்கொள்வோம். 120இல் 6 என்பது இருபதில் ஒரு பங்கு. மாதத்துக்கு 30 நாள் என்னும் வாய்ப்பாட்டின்படி, 6 ஆண்டுச் சூரிய தசையிற் சூரிய புத்தி 3 மாதம் 18 நாள். அதனுட் சூரிய அந்தரம் 5 நாள் 24 நாழிகை. சூக்குமம் 16 நாழிகை 12 விநாழிகை. பிராணன் 48 விநாழிகை 36 தற்பரை, அதாவது இருபது நிமிடத்துக்குஞ் சற்றுக் குறைவு. சாத்திரியார் இங்கே நிறுத்திவிடுவார். கணக்கோ நிற்பதில்லை.

சுவீடன் நாட்டுக் கணித அறிஞர் ஹெல்கே வொன் கொக் 1904இல் இத்தகைய தன்னொப்புமையைக் கோட்டிலே வரைந்து காட்டினார். எவ்வளவு பெருப்பித்துப் பார்த்தாலும் அக்கோட்டின் சிறு பகுதி முழுவதையுமே ஒத்திருக்கும். நம்மவர் அதனைக் காலத்திலே கண்டனர் என்பதிற் பெருமை கொள்ளலாம். ஆனால் அழகிய கணக்கு யாவும் உண்மை உரைக்கும் என்று கொள்ளுதல் பிழை.

ஒருமுறை தாயொருவர் என் அலுவலகத்துக்கு வந்தார். மகளுக்குச் சனி தசையிற் சனி புத்தி. அது பரீட்சைக்கு ஆறு வாரம் பிந்தியே முடிகின்றது. ஆகவே உயர்தரப் பரீட்சையை அடுத்த ஆண்டு எழுதட்டும் என்றார். பிள்ளையோ வாசலில் நின்று அழுதுகொண்டிருந்தாள். தசையை நம்புவது தவறென்று வாதிட நான் முற்படவில்லை. குறிப்பைக் கேட்டு வாங்கினேன்.

பிள்ளை விசாக நட்சத்திரம்; ஆதலாற் பிறப்பிலே வியாழ தசை. பிறக்கும்போது சந்திரன் அந்நட்சத்திரத்தில் எவ்வளவு தூரம் கடந்திருந்ததோ, அந்த அளவு தசையுங் கழிந்ததாகக் கொள்வர். சந்திரன் ஒரு நட்சத்திரத்தைக் கடக்க ஏறக்குறைய 60 நாழிகை செல்லும். 16 ஆண்டை 60 ஆற் பிரித்தால், பிறந்த நேரத்தில் ஒரு நாழிகை பிழைத்தாலும் தசை 96 நாள் நகரும். கால் மணி நேரம் பிழைத்தால் 60 நாள். பின்வரும் தசையும் புத்தியும் அத்தனையும் அதனோடு நகரும். இனி, வாக்கிய பஞ்சாங்கமும் திருக்கணித பஞ்சாங்கமும் நட்சத்திர முடிவை வெவ்வேறு நேரத்திற் காட்டுவது யாழ்ப்பாணத்தார் நன்கறிந்த சங்கதி. நிலைமை இவ்வாறிருக்க, நிமிடக் கணக்கிலுள்ள பிராணனை நாம் எதைக்கொண்டு அளப்பது?

மற்றொன்றையும் அத்தாயாருக்குச் சொன்னேன். எல்லாருக்கும் எல்லாவற்றிலும் பங்குண்டு என்பதே இவ்வடுக்கின் விதி. 19 ஆண்டுச் சனி தசைக்குள்ளும் சுக்கிரனுக்கு 3 ஆண்டும் 2 மாதமும் உண்டு. அந்தச் சனி புத்திக்குள்ளேயே வியாழனுக்கும் ஓர் அந்தரம் உண்டு. முழுதுங் கெட்ட காலம் என ஒன்றை இக்கணக்கே ஒப்புக்கொள்ளாது.

அவர் சற்றுநேரம் பேசாதிருந்தார். "பதினைந்து நிமிசம் பிந்திப் பிறந்திருந்தால்?" என்று கேட்டார்.

"சனி புத்தி பரீட்சைக்கு முன்னமே முடிந்துவிடும்," என்றேன்.

வெளியே நின்ற மகளை அவர் உள்ளே அழைத்தார். பின் என்னைப் பார்த்துச் சொன்னார்: "பிள்ளை பிறந்த வாட்டிலை இருந்த மணிக்கூடு எப்பவும் பிந்தித்தான் ஓடுறது, சேர்."