"சும்மா இருக்கிறேன்" என்று சொல்லாதீர்கள்

இந்தியக் குடும்பமொன்றில் முதலில் எழுந்து கடைசியாகப் படுப்பவர் பெரும்பாலும் அந்த வீட்டுப் பெண்ணே. தெற்கே வாசல் தெளித்துக் கோலம் போடுவதோடு அவளது நாள் தொடங்குகிறது. குழாயில் தண்ணீர் வரும் நேரம் பார்த்துக் குடங்களை நிரப்புவாள். இட்லி அவித்து, சட்னி அரைத்து, பிள்ளைகளுக்கும் கணவனுக்கும் மதியச் சாப்பாடு கட்டிக் கொடுப்பாள். வடக்கே இட்லிக்குப் பதிலாக ரொட்டி. மற்றபடி வேலை ஒன்றுதான். மாமியாருக்கு மருந்து, பாத்திரம், துணி, பிள்ளைகளின் பாடம், இரவுச் சமையல் என்று பொழுது போய்விடும். "என்ன வேலை செய்கிறீர்கள்?" என்று கேட்டால் மட்டும், "வீட்டில் சும்மாதான் இருக்கிறேன்" என்பாள்.

இந்தப் பதில் எனக்குப் புதிதல்ல. எமது பகுதியில் குடும்ப விபரம் பதியச் செல்லும் வீடுகளிலும் இதையே கேட்கிறேன். யுத்தத்தில் கணவனை இழந்து தனியாகப் பிள்ளைகளை வளர்க்கும் சகோதரிகளும், "தொழில்" என்ற இடத்தில் "இல்லை என்று போடுங்கோ பிள்ளை" என்கிறார்கள்.

இந்தியாவில் இந்தச் "சும்மா"வை அரசாங்கமே அளந்து பார்த்தது. 1998-99 இல் தமிழ்நாடு உட்பட ஆறு மாநிலங்களில் முன்னோடியாகவும், 2019 இல் நாடு முழுவதிலும் நேரப் பயன்பாட்டு ஆய்வு நடத்தப்பட்டது. 2019 ஆய்வில் 6 வயதும் அதற்கு மேலும் உள்ளவர்கள், அதிகாலை 4 மணி முதல் மறுநாள் 4 மணி வரை ஒவ்வோர் அரை மணித்தியாலத்திலும் என்ன செய்தார்கள் என்று பதியப்பட்டது. வீட்டு வேலை செய்த பெண்கள் அதற்காக நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடங்கள் செலவிட்டிருந்தனர். ஆண்களில் ஏறக்குறைய நால்வரில் ஒருவரே வீட்டு வேலையில் கை வைத்திருந்தார். அவர்களும் செலவிட்டது 97 நிமிடங்களே. 2024 ஆய்விலும் பெரிய மாற்றமில்லை: பெண்கள் 289, ஆண்கள் 88. பிள்ளைகளையும் முதியோரையும் பராமரிக்கும் நேரம் இதில் சேராது.

இக்கணக்கு நீதிமன்றத்திலும் பயன்பட்டது. 2001 குடிசனக் கணக்கெடுப்பு இல்லத்தரசிகளைப் பிச்சையெடுப்போர், சிறைக்கைதிகள் ஆகியோருடன் ஒரே வகுப்பில் சேர்த்ததை 2010 இல் இந்திய உச்ச நீதிமன்றம் கண்டித்தது. விபத்தில் இறந்த இல்லத்தரசிக்கான நட்டஈட்டில் அவரது வீட்டு வேலைக்கும் பெறுமதி உண்டு என்று 2021 இல் தீர்ப்பளித்தபோது, 2019 ஆய்வின் நிமிடக் கணக்கை அது எடுத்துக்காட்டியது. 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் இன்னும் ஒரு படி சென்றது. கணவர் சவூதி அரேபியாவில் உழைத்த காலத்தில் மனைவி ஊரில் குடும்பத்தைப் பார்த்துக்கொண்டதால், குறித்த சில சொத்துகளில் அவருக்குப் பாதிப் பங்கு உண்டு என்றது. இது ஒரு வழக்கின் தீர்ப்பே. இதற்கெனத் தனிச் சட்டம் இல்லை என்பதையும் அந்நீதிமன்றமே சுட்டிக்காட்டியது.

அதே ஆண்டு செப்டெம்பர் 15 ஆம் திகதி, தகுதியுள்ள குடும்பத் தலைவிகளுக்கு மாதம் 1,000 ரூபா வழங்கும் திட்டத்தைத் தமிழ்நாடு அரசு ஆரம்பித்தது. அத்தொகை பெரிதல்ல. ஆனால் அதற்கு இட்ட பெயர் "மகளிர் உரிமைத் தொகை". நிவாரணம், உதவி என்ற சொற்களையே கேட்டுப் பழகிய எமக்கு, "உரிமை" என்ற சொல் எவ்வளவு பெரியது என்பது விளங்கும்.

சகோதரிகளே, ஒருநாள் பிள்ளையின் பழைய அப்பியாசக் கொப்பி ஒன்றை எடுத்து, அதிகாலை 4 மணி தொடங்கி உங்கள் நாளை அரை மணித்தியாலக் கணக்கில் எழுதிப் பாருங்கள். கிணற்றில் தண்ணீர் அள்ளியது, விறகு பொறுக்கியது, கோழிக்குத் தீன் போட்டது, கச்சேரி வாசலில் காத்திருந்தது எல்லாம் வேலைதான். பக்கத்தில் உங்கள் மகளுடைய நாளையும் மகனுடைய நாளையும் எழுதுங்கள். மகளின் பக்கம் நிறைந்தும் மகனின் பக்கம் வெறுமையாகவும் இருந்தால், நாளை காலை கோப்பை கழுவுவதிலிருந்து அதை மாற்றத் தொடங்கலாம்.