ராஜம்மாளுக்குள் மறைந்த ரோஸி

மலையாளத்தின் முதல் திரைப்படமான 'விகதகுமாரன்' திருவனந்தபுரம் கேபிட்டல் தியேட்டரில் திரையிடப்பட்ட வருஷம் 1928 என்பாரும் 1930 என்பாரும் உளர். ஆனால் அப்படத்தின் கதாநாயகிக்கு நேர்ந்த அவமானத்தைப் பற்றி இரண்டு அபிப்பிராயம் கிடையாது. தமிழும் மலையாளமும் கலந்து பேசிப் பாடும் காக்காரிசி நாடகங்களில் நடித்துவந்த பி.கே. ரோஸி என்னும் தலித் பெண், சரோஜினி என்ற நாயர் குலப் பெண்ணாக வேஷமேற்றதைப் பொறாத சாதி அபிமானிகள் திரையின் மீது கல்லெறிந்தார்கள். அவருடைய குடிசைக்குத் தீ வைத்தார்கள் என்றும் சொல்வதுண்டு. உயிருக்கு அஞ்சி லாரியொன்றில் ஏறி நாகர்கோவில் போய்ச் சேர்ந்த அவர், அந்த லாரியை ஓட்டியவரையே மணந்து, ராஜம்மாள் என்ற பெயரோடு எஞ்சிய ஜீவியத்தைக் கழித்தார் என்பது பிற்காலத்தில் தேடிப் போனவர்கள் திரட்டிய விருத்தாந்தம்.

படத்தின் ஓர் அடி பிலிம்கூட இன்றில்லை. அதை எடுத்த அகஸ்தீஸ்வரத்து ஜே.சி. டேனியலும் வறுமையில் மறக்கப்பட்டவரே என்றாலும், சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் என்ற பத்திரிகையாளர் அவர் உயிரோடிருக்கும்போதே கண்டுபிடித்து எழுதினார். 1992 முதல் கேரள அரசு டேனியல் பெயரால் விருதும் வழங்கிவருகிறது. ரோஸியை அவ்வாறு உரிய காலத்தில் தேடிப்போக ஒருவரும் இல்லை. பெயரையும் குலத்தையும் மறைத்தால்தான் பிழைக்கலாம் என்ற நிலையில், தாய் தன் சரித்திரத்தைப் பெற்ற பிள்ளைகளிடமே எவ்வளவு சொல்லியிருப்பாள்?

இதற்கு நேர்மாறாக அமைந்தது நடிகை கமலாபாயின் பாக்கியம். 1913-இல் பால்கேயின் 'மோகினி பஸ்மாசுர்' படத்தில் தாய் துர்காபாய் காமத்துடன் நடித்த அந்தச் சிறுமி, தொண்ணூறு பிராயத்தை நெருங்கிய மூதாட்டியாக வீட்டில் இருந்தபோது, இயக்குநர் ரீனா மோகன் காமிராவோடு சென்று அவரைப் பேசவைத்தார். 1992-இல் 'கமலாபாய்' ஆவணப்படம் வெளிவந்தது. 1997-இல் அவர் காலமானார். இடையில் இருந்த அவகாசம் எத்தனை சொற்பம்!

கமலாபாய்க்குக் கிடைத்த அந்த வாய்ப்பு நம் வீட்டுப் பாட்டிமாருக்கும் வாய்க்க வேண்டும்; ஆனால் ஆவணப்படம் எடுப்போர் அவர்களை அணுகுகையில் முதலில் கிடைக்கும் பதில் பெரும்பாலும், "எனக்கு என்ன கதை இருக்கு மக்களே, ஒங்க தாத்தாவப் பத்திக் கேளு" என்பதுதான். தாத்தாவின் உத்தியோகமும் மாற்றலான ஊர்களும் வீட்டில் எல்லோருக்கும் மனப்பாடம். பழைய குரூப் போட்டோவின் பின்புறத்தில் ஆண்களின் பெயர்கள் வரிசையாக இருக்கும், பெண்கள் 'சம்சாரம்', 'மூத்த மகள்' என்று நிற்பார்கள். அந்தப் போட்டோவைப் பாட்டியின் கையிலேயே கொடுத்து, விரலால் ஒவ்வொரு முகமாகத் தொட்டுச் சொல்லும்படி கேட்டுக் காத்திருந்தால், பிரசவத்தில் இறந்த தங்கையும், பள்ளிக்கூடத்தை நிறுத்திய நாளும், யாரும் அறியாமல் கற்ற பாட்டும் ஒன்றன்பின் ஒன்றாக வெளிவரும். எழுத்தில் இவற்றைப் பதியலாம்தான்; ஆயினும் சொல்ல வந்ததைப் பாதியில் விழுங்கி, வாசற்பக்கம் யாரேனும் வருகிறார்களா என்று பார்க்கும் அந்தத் தயக்கத்தை, காமிராவைப் போல் எழுத்து காட்டிவிடாது.

கேரள சலச்சித்ர அகாதமி 2008 முதல் திருவனந்தபுரத்தில் ஆவணப்பட, குறும்பட விழா நடத்திவருகிறது. 2019-இல் சினிமாப் பெண்கள் கூட்டமைப்பு ரோஸியின் பெயரால் திரைப்படச் சங்கமும் தொடங்கியது. பேசவைக்க வேண்டிய பெண்களோ விழா அரங்குகளுக்கு வெகுதூரத்தில், நெய்யாற்றின்கரையிலும் தக்கலையிலும் நாகர்கோவிலிலும் பிள்ளைகள் வீட்டுத் திண்ணைகளில் இருக்கிறார்கள். கையில் காமிரா உள்ள பேத்திகள் இந்த விடுமுறையிலேயே அங்கே போகட்டும்.