இறக்கை நமது, இஞ்சின் யாருடையது?

சங்கரன்கோவில் சீமையில் பிறந்தவர்களுக்கு நெற்கட்டும்செவல் கதையை நாம் சொல்லத் தேவையில்லை. 1755-ஆம் வருஷம் கர்னல் ஹெரான் என்ற வெள்ளைக்காரத் தளபதி பூலித்தேவரின் கோட்டை முன் வந்து நின்று கப்பம் கேட்டான். கோட்டையைத் தகர்க்கத் தக்க பெரிய பீரங்கிகள் அவனிடம் இல்லை, மண்சுவர் அசையவில்லை, வந்த வழியே திரும்பினான். ஆறு வருஷம் கழித்து, 1761-ல், யூசுப்கான் வலுவான பீரங்கிகளோடு வந்தான்; கோட்டைகள் விழுந்தன. அந்த ஆறு வருஷத்தில் மறவர்களின் நெஞ்சுரம் குறைந்துவிடவில்லை. எதிரியின் கையிலிருந்த ஆயுதம் மாறியது. நம்மவர் கையில் அதற்கு ஈடான ஆயுதம் இல்லை. விஷயம் அவ்வளவே.

அன்று பீரங்கி வகித்த ஸ்தானத்தை இன்று யுத்த விமானம் வகிக்கிறது. வீரர்கள் நம்மிடம் உண்டு. விமானம் கட்டும் சிற்பிகளும் உண்டு. ஆனால் விமானத்தின் உயிர்நிலையான இஞ்சின் மட்டும், சுதந்திரம் பெற்று எழுபத்தைந்து ஆண்டுகள் கடந்த பின்னும், அந்நியன் கொடுத்தால் உண்டு, கொடாவிட்டால் இல்லை என்ற நிலையிலேயே இருக்கிறது. இந்நிலை எப்படி வந்தது என்பதைத் தேசாபிமானிகள் தெரிந்துகொள்ள வேண்டும் என்பதே நமது நோக்கம்.

ஆரம்ப காலம்

இந்திய விமானப்படை 1932-ஆம் வருஷம் அக்டோபர் 8-ந் தேதி சட்டப்படி தோன்றியது. அடுத்த ஆண்டு ஏப்ரலில் அதன் முதல் படைப்பிரிவு அமைந்தபோது அதனிடம் இருந்தவை நான்கே நான்கு ‘வாப்பிட்டி’ விமானங்கள். அவை பிரிட்டனில் செய்யப்பட்டவை. ஆளும் ஜாதி பழைய விமானத்தையும் கொடுத்து அதை ஓட்டக் கட்டளையையும் கொடுத்தது.

விமானத்தை இந்நாட்டிலேயே கட்டவேண்டும் என்ற எண்ணம் செயலானது 1940 டிசம்பரில். வால்சந்த் ஹீராசந்த் என்ற சுதேசித் தொழிலதிபர் மைசூர் சமஸ்தானத்தின் உதவியோடு பெங்களூரில் ‘ஹிந்துஸ்தான் ஏர்கிராப்ட்’ கம்பெனியை ஸ்தாபித்தார். யுத்த காலத்தில் சர்க்கார் அதைத் தன் வசம் எடுத்துக்கொண்டு, நேசநாட்டு விமானங்களைச் செப்பனிடும் பட்டறையாக மாற்றியது. சுதந்திரத்துக்குப் பிறகு, 1951-ல், கட்கே என்ற நம் தேசத்து நிபுணர் வகுத்த எச்.டி.-2 என்னும் பயிற்சி விமானம் அங்கிருந்து முதல் தடவையாக வானில் ஏறியது. அது சிறிய விமானம். ஆனால் நம்மால் முடியும் என்பதை அது நிலைநாட்டியது.

மாருத்தின் கதை

1956-ல் சர்க்கார் பெரிய காரியத்தில் இறங்கினர். ஜெர்மனியில் பேர்பெற்ற போர் விமானங்களை வகுத்த கூர்ட் டாங்க் என்ற நிபுணரை அழைத்துவந்து, ஒலியை விட வேகமாகப் பறக்கும் சண்டை விமானம் ஒன்றை வகுக்கும்படி ஒப்படைத்தனர். 1961 ஜூன் 17-ந் தேதி அவ்விமானம் பெங்களூரில் பறந்தது. ஓட்டியவர் விங் கமாண்டர் சுரஞ்சன் தாஸ். வாயு தேவனின் பெயரால் அதற்கு ‘மாருத்’ என்று பெயரிட்டனர். ஆசியாவில் அக்காலத்தில் இத்தகைய முயற்சியில் துணிந்து இறங்கிய தேசங்கள் வெகு சிலவே.

விமானத்தின் உடல் வேகத்துக்கென்றே வகுக்கப்பட்டது. ஆனால் அதற்கென்று எதிர்பார்த்த ‘ஆர்பியஸ் 12’ என்ற பிரிட்டிஷ் இஞ்சின் வந்து சேரவில்லை. அந்த இஞ்சினை உருவாக்கி முடிக்கப் பிரிட்டிஷ் சர்க்கார் பணம் கொடுக்க மறுத்தது. நமது சர்க்காரும் அச்செலவை ஏற்க முன்வரவில்லை. முடிவில், ஒவ்வொன்றும் 4,850 பவுண்டு தள்ளுவிசை மட்டுமே தரும் ‘ஆர்பியஸ் 703’ இஞ்சின்கள் இரண்டைப் பொருத்தித் திருப்தியடைய நேர்ந்தது. ஒலியின் வேகத்தைப் போல் இருமடங்கு வேகம் கருதி வகுத்த விமானம், ஒலியின் வேகத்தை எட்டுவதற்கே திணறியது.

பிறகு நடந்தது ஒவ்வொரு வாசலாகத் தட்டிய கதை. எகிப்து அப்போது சொந்தமாக ஒரு ஜெட் இஞ்சினை உருவாக்கிக்கொண்டிருந்தது. அதைப் பரீட்சிக்க ஒரு மாருத் விமானத்தையே அங்கு அனுப்பினோம். எகிப்தின் திட்டமும் இடையில் நின்றது. கைவசமுள்ள ஆர்பியஸுக்கே அதிக வலுவேற்ற நம் நிபுணர்கள் முயன்றனர். அவ்விதம் மாற்றியமைத்த மாருத்தை 1970 ஜனவரி 10-ந் தேதி பரீட்சிக்கப் புறப்பட்டபோது விமானம் விழுந்து நொறுங்கியது. மாண்டவர், அதே விமானத்தை முதன்முதலில் வானில் ஏற்றிய சுரஞ்சன் தாஸ்.

இவ்வளவு குறையோடும் மாருத் தன் கடமையைச் செய்தது. 1971 டிசம்பர் யுத்தத்தில் ராஜஸ்தான் பாலைவனத்தை ஒட்டிய போர்முனையில் அது எதிரியின் டாங்கிகளையும் தளங்களையும் தாக்கியது. டிசம்பர் 7-ந் தேதி ஸ்குவாட்ரன் லீடர் பக்ஷி தமது மாருத்திலிருந்து எதிரியின் ‘சேபர்’ விமானம் ஒன்றைச் சுட்டு வீழ்த்தினார். வானத்துச் சண்டையில் ஒரு மாருத்தைக்கூட நாம் இழக்கவில்லை. ஒரு இஞ்சின் பழுதுபட்டபின் மற்றொன்றின் பலத்தில் பத்திரமாகத் திரும்பியவையும் உண்டு. உடல் உறுதியானது என்பதற்கு இதைவிட என்ன அத்தாட்சி வேண்டும்? ஆயினும், மொத்தம் 147 விமானங்களோடு அந்த வம்சம் முடிந்தது. மாருத்தை வகுத்தபோது கற்ற வித்தை, அடுத்த விமானத்துக்கு வாரிசாகச் செல்லவில்லை. அதற்குப் பின் வெகுகாலம் ருஷ்ய விமானங்களை அனுமதி பெற்று இங்கே கட்டினோமே தவிர, சொந்தமாக வகுக்கும் தொழில் தூங்கிவிட்டது. அவ்விதம் கட்டிய மிக்-21, 1963 முதல் 2025 செப்டம்பர் 26 வரை, அறுபத்திரண்டு வருஷம் நம் படையில் உழைத்துவிட்டு ஓய்ந்தது.

தூத்துக்குடி சொன்ன பாடம்

திருநெல்வேலிச் சீமைக்கு இக்கதை புதிதல்ல. 1906-ல் வ. உ. சிதம்பரம் பிள்ளை தூத்துக்குடியில் சுதேசிக் கப்பல் கம்பெனியைத் தொடங்கியபோது முதலில் கப்பல்களை வாடகைக்கே அமர்த்தினார். வெள்ளைக்காரக் கம்பெனி நெருக்கியவுடன், கொடுத்தவர்கள் கப்பலைத் திருப்பிப் பெற்றுக்கொண்டார்கள். இரவல் கப்பலில் சுதேசியம் ஓடாது என்பதை உணர்ந்த பிள்ளையவர்கள், பம்பாய் சென்று, சொந்தக் கப்பலோடுதான் திரும்புவேன் என்ற உறுதியோடு உழைத்து, ‘காலியா’, ‘லாவோ’ என்னும் கப்பல்களைக் கம்பெனிக்குச் சொந்தமாக வாங்கினார். இந்த உறுதியே இஞ்சின் விஷயத்தில் நம் சர்க்காருக்கு இல்லாமற்போனது.

தேஜஸும் காவேரியும்

மாருத் விட்ட இடத்தில் மீண்டும் தொடங்கிய முயற்சியே ‘தேஜஸ்’. 1983-ல் அனுமதி, கோட்டா ஹரிநாராயணா என்பார் தலைமையில் பணி, 1998-ல் பொக்ரான் அணுகுண்டுச் சோதனைக்குப் பிறகு அமெரிக்கா விதித்த தடையால், அங்கு சென்றிருந்த நம் நிபுணர்கள் வேலையைப் பாதியில் விட்டுத் திரும்பினர். திரும்பியவர்கள் சோர்ந்து உட்காரவில்லை. மிச்ச வேலையை இங்கேயே முடித்தார்கள்; 2001 ஜனவரி 4-ந் தேதி விமானம் பறந்தது. 2016 ஜூலையில் முதல் படைப்பிரிவு பெங்களூரில் அமைந்து, 2018-ல் கோயம்புத்தூரை அடுத்த சூலூருக்கு வந்தது. 2020-ல் இரண்டாம் படைப்பிரிவும் சூலூரிலேயே தோன்றியது. தமிழ்நாட்டு வானத்தில் சுதேசி விமானம் சஞ்சரித்ததில் நமக்குள்ள பெருமை கொஞ்சமல்ல.

ஆனால் தேஜஸுக்கென்று வகுத்த ‘காவேரி’ இஞ்சின் அதில் ஏறவில்லை. 1989-ல் சுமார் 383 கோடி ரூபாய் ஒதுக்கித் தொடங்கிய அத்திட்டம், 81 கிலோ நியூட்டன் தள்ளுவிசை தரவேண்டுமென்ற குறியை எட்டவில்லை, எடையும் மிஞ்சியது. 2008-ல் காவேரியைத் தேஜஸிலிருந்து பிரித்துவிட்டனர். இன்றைய தேஜஸ் பறப்பது அமெரிக்க ஜெனரல் எலெக்ட்ரிக் கம்பெனியின் இஞ்சினால்.

இதன் பலன் என்ன? 2021-ல் 83 புதிய தேஜஸ் விமானங்களுக்குச் சுமார் 48,000 கோடி ரூபாயில் உத்தரவு போயிற்று. அவற்றுக்கு வேண்டிய 99 இஞ்சின்களுக்கும் அதே ஆண்டில் ஒப்பந்தம் ஆயிற்று. முதல் விமானம் 2024 மார்ச்சில் வரவேண்டியது. முதல் இஞ்சினே 2025 மார்ச்சில்தான் வந்து சேர்ந்தது. தாமதத்துக்கு இஞ்சின் ஒன்றே காரணம் என்று நாம் சொல்லவில்லை. நம் தொழிற்சாலையின் குறைகளும் உண்டு. ஆனால் கட்டி முடித்த விமான உடல்கள் இஞ்சின் இல்லாமல் காத்துக் கிடந்தன என்பது உண்மை. இதற்கிடையே மிக்-21 ஓய்வுபெற, 42 இருக்கவேண்டிய சண்டைப் படைப்பிரிவுகள் 29 ஆகக் குறைந்தன.

சங்கரன்கோவில் நெசவாளரைக் கேட்டால் இதன் பொருளை ஒரு வாக்கியத்தில் சொல்லிவிடுவார். தறி சொந்தம், கைத்திறமை சொந்தம். நூல் மட்டும் பிறனிடம். அவன் நூலை நிறுத்திய அன்று தறியும் நிற்கும்.

ஏன் இவ்வளவு கடினம்?

ஜெட் இஞ்சினின் உள்ளே, எரியும் வாயு டர்பைன் தகடுகளின் மேல் மோதி அவற்றைச் சுழற்றுகிறது. அந்த வாயுவின் வெப்பம், தகடு செய்த உலோகம் உருகும் வெப்பத்தைவிட அதிகம். தகட்டின் உள்ளே மயிரிழை போன்ற துவாரங்களில் காற்றைச் செலுத்திக் குளிர்வித்தால்தான் அது பிழைக்கும். மேலும், அத்தகடு பல படிகங்கள் ஒட்டிய சாதாரண வார்ப்பாக இல்லாமல், முழுவதும் ஒரே படிகமாக வளர்க்கப்படவேண்டும். இவ்வித்தையைப் பூரணமாக அறிந்த தேசங்களைக் கைவிரலில் எண்ணிவிடலாம். அவை அதை எவருக்கும் இனாமாகச் சொல்லித்தருவதில்லை. ஹைதராபாத்திலுள்ள நமது உலோக ஆராய்ச்சிச்சாலை இத்தகைய ஒரே படிகத் தகடுகள் அறுபதைச் செய்து, ஹெலிகாப்டர் இஞ்சினுக்காக 2021-ல் கொடுத்தது. ஆகவே வாசல் முற்றிலும் அடைபட்டுவிடவில்லை.

“ஸ்வீடன் தேசமும் அமெரிக்க இஞ்சினை வைத்துத்தானே போர் விமானம் கட்டுகிறது? அவர்களுக்கு இல்லாத வெட்கம் நமக்கு ஏன்?” என்று சிலர் கேட்கலாம். கேள்வி நியாயமானதே. பதிலை நம் சொந்த அனுபவமே தருகிறது. 1978-ல் ஸ்வீடன் தனது ‘விக்கன்’ விமானத்தை நமக்கு விற்க விரும்பியது. அதன் இஞ்சின் அமெரிக்க மூலத்திலிருந்து வந்தது என்ற காரணத்தால் அமெரிக்கா அனுமதி மறுத்தது, வியாபாரம் நின்றது. விமானம் ஸ்வீடனுடையது, வாங்குவோர் நாம், தீர்ப்பு வழங்கியதோ மூன்றாமவன். இன்று தேஜஸை நாம் பிற நாட்டுக்கு விற்க எண்ணினாலும் அதே மூன்றாமவனின் சம்மதத்தைக் கேட்டாகவேண்டும்.

மகேந்திரகிரி காட்டும் வழி

நம்பிக்கை இழப்பவர்கள் நம் சீமையின் தென்கோடியிலுள்ள மகேந்திரகிரியைப் பார்க்கட்டும். கிரையோஜெனிக் என்னும் அதிகுளிர் எரிபொருள் ராக்கெட் இஞ்சினின் ரகசியத்தைத் தருவதாக 1991-ல் ருஷ்யர்கள் ஒப்புக்கொண்டார்கள். அமெரிக்கா நெருக்கியது, 1993-ல் ருஷ்யர்கள் பின்வாங்கி, வித்தையைத் தராமல், செய்து முடித்த ஏழு இஞ்சின்களை மட்டும் தந்தார்கள். நம் நிபுணர்கள் தாமே முயன்றனர். 2010 ஏப்ரலில் முதல் முயற்சி கடலில் விழுந்தது. எவரும் திட்டத்தை மூடிவிடவில்லை. மகேந்திரகிரியில் மீண்டும் மீண்டும் பரீட்சை நடந்தது. 2014 ஜனவரி 5-ந் தேதி வெற்றி கிட்டியது. 2023-ல் சந்திரயான்-3-ஐ ஏற்றிச்சென்ற ராக்கெட்டின் மேற்கட்டும் சுதேசி கிரையோஜெனிக் இஞ்சினால் இயங்கியதே.

ராக்கெட் இஞ்சினும் விமான இஞ்சினும் ஒன்றல்ல என்பதை நாம் அறிவோம். முன்னது சில நிமிஷம் எரிந்தால் போதும். பின்னது ஆயிரக்கணக்கான மணி நேரம் உழைக்கவேண்டும். ஆனால் இரண்டுக்கும் தேவையான மனப்பான்மை ஒன்றே: தோல்வி கண்டு பணத்தை நிறுத்தாமை, பரீட்சைச் சாலையைச் சொந்த மண்ணில் வைத்துக்கொள்ளுதல். காவேரி இஞ்சினை வானத்தில் பரீட்சிக்க 2010-ல் ருஷ்யா சென்று அவர்கள் விமானத்தில் பொருத்திப் பார்க்க நேர்ந்தது. பரீட்சைக்கே பிறர் வீட்டு முற்றத்தை நாடுகிறவன் எப்படி விரைந்து கற்பான்?

வருங்கால யுத்த விமானத்துக்குப் பிரெஞ்சு ஸாப்ரான் கம்பெனியோடு சேர்ந்து இஞ்சின் உருவாக்கப்போவதாக 2025 ஆகஸ்டில் பாதுகாப்பு மந்திரி அறிவித்தார். இதை நாம் வரவேற்கிறோம். ஆனால் ஜனப்பிரதிநிதிகள் கேட்கவேண்டிய கேள்விகள் மூன்று உண்டு. தகடு வார்க்கும் வித்தை முழுவதும் நம் கைக்கு வருமா? உயரமான வானத்தின் நிலையைத் தரையிலேயே உண்டாக்கிப் பரீட்சிக்கும் சாலையும், பறந்து பரீட்சிக்கும் விமானமும் இந்நாட்டிலேயே அமையுமா? முதல் தோல்வி வந்தவுடன் மாருத்துக்கு நேர்ந்த கதி இதற்கும் நேராதிருக்க உறுதி என்ன?

தென்னாட்டவராகிய நாம் நான்காவது கேள்வியையும் கேட்கிறோம். 2019-ல் துவக்கிய தமிழ்நாட்டுப் பாதுகாப்புத் தொழில் வட்டாரத்தில் சென்னை, கோயம்புத்தூர், ஓசூர், சேலம், திருச்சி ஆகிய ஐந்து மையங்கள் இடம்பெற்றன. திருச்சிக்குத் தெற்கே ஒன்றுகூட இல்லை. ராக்கெட் இஞ்சினைச் சோதிக்கும் மலையை உடைய திருநெல்வேலியும், 2019-ல் அதிலிருந்து பிரிந்த தென்காசியும், பிள்ளைகளைப் படிக்கவைத்துப் பெங்களூருக்கு ரயிலேற்றி அனுப்புவதோடு திருப்தியடைய வேண்டுமா?

எக்காலத்தும் பீரங்கியை வார்ப்பவனே கோட்டையின் விதியை நிர்ணயித்திருக்கிறான். நெற்கட்டும்செவல் அதை ரத்தம் சிந்திக் கற்றது. சுரஞ்சன் தாஸ் அதற்காக உயிரைக் கொடுத்தார். சர்க்கார் காவேரிக்கு ஒதுக்கிய தொகையையும், புது விமானங்களுக்குக் கொடுக்கும் தொகையையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கட்டும். பணத்தின் மதிப்பு இடையில் மாறியிருப்பினும் நமது அசிரத்தையின் அளவு அதில் விளங்கும். விலை கொடுத்து வாங்கிய இஞ்சின் தேய்ந்து போகும். பாடுபட்டுக் கற்ற வித்தை தலைமுறைக்கும் நிற்கும். அவ்வித்தையைக் கற்பதற்கு ஆகும் செலவை நஷ்டக் கணக்கில் எழுதும் வழக்கத்தை நமது சர்க்கார் இனியேனும் கைவிடவேண்டும்.