அந்தச் சின்ன சுபா யாரு தெரியுமா?

'96' படத்தை நீங்கள் எத்தனை முறை பார்த்திருந்தாலும் சரி, அடுத்த முறை ராமையும் ஜானுவையும் கொஞ்சம் விட்டுவிட்டு சுபாவைப் பாருங்கள். ரீயூனியன் இரவில் தோழியை நினைத்துப் பதறும் பெரிய சுபா, நம்ம தேவதர்ஷினி. பள்ளிக்கூடத்தில் ஜானுவோடு சுற்றும் சின்ன சுபா? அவர் பெற்ற மகள் நியதியேதான்! கண்ணும் சிரிப்பும் அச்சு அசலாக இருக்கிறதே என்று வியந்தவர்களே, பின்னே இருக்காதா!

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். சின்ன ராமாக வரும் ஆதித்யா, எம்.எஸ்.பாஸ்கரின் மகன். சின்னத்திரையில் பட்டாபியாக நம்மைச் சிரிக்கவைத்த அதே பாஸ்கர்! துணைப் பாத்திரங்களாலேயே நம் மனதில் இடம்பிடித்த இருவரின் பிள்ளைகள் ஒரே வகுப்பறையில். 2018-இல் தியேட்டரில் எத்தனை பேருக்கு இது தெரிந்திருக்கும்!

தேவதர்ஷினியை நமக்குக் காட்டியது 'மர்மதேசம்' சீரியல். இந்திரா சௌந்தர்ராஜன் கதை, நாகா இயக்கம். அதில் வந்த 'விடாது கருப்பு' கதையைப் பார்த்துவிட்டு இரவில் கொல்லைப்பக்கம் போகவே பயந்தோமே, அதில் நடித்த சேத்தன்தான் பிற்பாடு இவரைக் கைப்பிடித்தவர். ஆமாம், 'விடுதலை'யில் நம்மைப் பல்லைக் கடிக்கவைத்த அந்த அதிகாரியேதான்!

சீரியல் செட் சாதாரணப் பள்ளிக்கூடம் இல்லை. கேமராவுக்குப் பின்னாலிருந்து ஒருவர் வசனத்தை எடுத்துக்கொடுப்பார். அதைக் காதில் வாங்கிக்கொண்டே, வாங்குவது தெரியாமல் அழவும் வேண்டும், சிரிக்கவும் வேண்டும். ஒரு காட்சி முடிந்த கையோடு புடவையை மாற்றிக்கொண்டு அடுத்ததற்கு ஓட வேண்டும். அந்தப் பழக்கம் சினிமாவில் எப்படிக் கைகொடுத்தது என்பதற்கு 'பார்த்திபன் கனவு' பாருங்கள். விவேக்கின் மனைவியாக வருகிறார். விவேக் மாதிரி ஒருவர் பொரிந்து தள்ளும்போது எதிரில் நிற்பவர் ஒரு நொடி முந்தினாலும் பிந்தினாலும் ஜோக் செத்துவிடும். இவர் முழிக்கிற முழியில்தான் பாதிச் சிரிப்பே இருக்கிறது! என்னைக் கேட்டால், வசனம் பேசுவதைவிட வசனத்தை வாங்குவதுதான் கஷ்டம்.

'காஞ்சனா'வில் (2011) மாமியாராக எதிரே நிற்பது கோவை சரளா. அந்தக் குரலுக்கும் வேகத்துக்கும் முன்னால் யாரும் காணாமல் போய்விடுவார்கள். இவரோ மாமியாரோடு சேர்ந்து நடுங்கி, கத்தி, அவருக்குச் சரிசமமாக நின்றார். பேய் இருக்கிறதா என்று மாமியாரும் மருமகளும் சோதித்துப் பார்க்கும் காட்சிகளை வயிற்றைப் பிடித்துக்கொண்டுதான் பார்க்க முடியும்.

அப்புறம்தான் அந்த அதிரடி. 2021-இல் 'தி ஃபேமிலி மேன்' இரண்டாவது சீசன். மனோஜ் பாஜ்பாயின் குழு சென்னைக்கு வந்து இறங்கினால், அங்கே போலீஸ் அதிகாரி உமையாளாக தேவதர்ஷினி! அசட்டு முழி இல்லை, அலறல் இல்லை. விறைப்பாக, கறாராக, வேறு ஒரு ஆள். இத்தனை வருடம் இதை எங்கே ஒளித்து வைத்திருந்தார்?

தயாரிப்பாளர்களே, உமையாளை மட்டும் வைத்து ஒரு தொடர் எடுங்களேன். முதல் எபிசோடுக்கு நான் இப்போதே ரெடி!