பேசாத முகங்கள் – 9: புதுக்கோட்டைப் பயில்வான்

சேக்காட்டில் எங்கள் தெருமுனையில் ஒரு ஜிம் இருக்கிறது. சாயங்காலமானால் ஆவடி, பட்டாபிராம் பையன்கள் சாண்டோ பனியனோடு கண்ணாடி முன் நின்று புஜத்தை மடக்கி, செல்போனில் படம் பிடித்துக்கொள்கிறார்கள். 'சாண்டோ என்றால் யார் தம்பி?' என்று ஒருவனிடம் கேட்டேன். 'பனியன் கம்பெனி அங்கிள்' என்றான்.

யூஜின் சாண்டோ ஜெர்மானியப் பயில்வான். 1905 வாக்கில் அவர் இந்தியாவில் வித்தை காட்டிவிட்டுப் போனபின், இங்கே உடம்பை முறுக்கேற்றியவர்களுக்கெல்லாம் அந்தப் பெயர் பட்டமாயிற்று. சின்னப்பா தேவருக்கு முன்பே அதைச் சூடியவர் புதுக்கோட்டை நாகலிங்கம். ராஜா சாண்டோ என்றால்தான் தெரியும்.

சென்ற வாரம் பார்த்த ஜப்பானிய ஊமைப்பட நடிகர் செஸ்யூ ஹயகாவா கண்ணிமையை அசைக்காமலே அமெரிக்காவை மிரட்டியவர். நம்மவருக்கு மூலதனம் தோள்தான். பம்பாய்க்குப் போய் பட்டாங்கரின் நேஷனல் பிலிம் கம்பெனியில் சேர்ந்தார். 1923-இல் 'வீர் பீம்சேன்'. பீமன் வேஷத்துக்கு வேறு யார்?

ஆனால் அவரை வெறும் பயில்வான் நடிகர் என்று ஒதுக்குவது அநியாயம். 1926-இல் சந்துலால் ஷா 17 நாளில் எடுத்து முடித்த 'டைப்பிஸ்ட் கேர்ள்' படத்தில் சுலோசனா, கோஹரோடு நடித்தார். மறு வருஷம் 'குணசுந்தரி'. அதில் வீட்டு வேலையே கதியென்று கிடக்கும் மனைவி சலித்துப்போய், கணவன் வெளியே இன்பம் தேடுகிறான். கணவன் நம்ம ஆள்! மலையைப் புரட்டும் உடம்பை வைத்துக்கொண்டு, சாப்பாட்டுத் தட்டின் முன் முகம் சுளிக்கும் சாதாரணப் புருஷனாக நிற்க வேண்டும். தோளுக்கு அங்கே வேலையே இல்லை.

அந்தப் பழக்கத்தைத்தான் சென்னைக்கு எடுத்து வந்தார் என்பது என் எண்ணம். புராணத்தில் ஊறியிருந்த தமிழ் ஊமைப்படத்துக்குள், ஆர். பத்மநாபனின் அசோசியேட் பிலிம்ஸுக்காக, குடும்பத்தையும் பெண்ணின் துயரத்தையும் நுழைத்தார். வை. மு. கோதைநாயகி அம்மாளின் நாவலே அவர் கையில் 'அனாதைப் பெண்' ஆனது. பேசும்படம் வந்ததும் அதே வழியில் 1935-இல் 'மேனகா'. வடுவூர் துரைசாமி ஐயங்கார் கதை, டி. கே. எஸ். சகோதரர்கள் நடிப்பு. கலைவாணர் திரையில் முதன்முதலில் தெரிந்ததும் அதில்தான்.

பாகவதரின் 'திருநீலகண்டர்' (1939) ராஜா சாண்டோ இயக்கியதுதான். 'சிவகவி'யையும் அவர்தான் தொடங்கினார். முடித்தவர் ஸ்ரீராமுலு நாயுடு. படம் வெளிவந்த அதே 1943-இல் ராஜா சாண்டோ கோவையில் காலமானார்.

ஹயகாவாவின் 'தி சீட்' (1915) இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. தமிழ் ஊமைப்படம் ஒன்றுகூட நமக்கு மிஞ்சவில்லை. தமிழக அரசு ராஜா சாண்டோ பெயரில் விருது கொடுக்கிறது. வாங்குகிறவர்கள்கூட அவர் இயக்கிய ஊமைப்படம் எதையும் பார்த்திருக்க முடியாது.

அந்த ஊமைப்படங்களில் நடித்த ஒரு பெண், 1931-இல் 'காளிதாஸ்' படத்தில் வாய் திறந்து பாடினார். டி. பி. ராஜலட்சுமி, அடுத்த வாரம்.